கிரீன் கார்டு வாங்குமுன் நீ படிக்க வேண்டியவை

தம்பி,

இந்த உறையை நான் ஒட்டப் போவதில்லை. நம் தெருவில் அமெரிக்கா என்று பேச ஆரம்பித்திருக்கிற பிள்ளைகளின் அம்மாக்கள் யார் கேட்டாலும் படிக்கக் கொடுத்துவிட்டுத்தான் உனக்கு அனுப்புவேன். மகனுக்கு எழுதுவதை ஊருக்கெல்லாம் காட்டுவாளா ஒருத்தி என்று உனக்குக் கூச்சமாக இருக்கும். எனக்கும் இருந்தது. ஆனால் ஒரு மாதமாக எனக்குச் சோறு சரியாக இறங்கவில்லை, பள்ளிக்கூடத்தில் பாடம் நடத்தும்போது பாதியில் நிறுத்திவிட்டு எங்கே விட்டேன் என்று பிள்ளைகளிடமே கேட்கிறேன். இந்த அளவுக்குப் பயம் வந்த பிறகு கூச்சமெல்லாம் பார்க்க முடியவில்லை.

எதற்குப் பயம் என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அமெரிக்கா போக உனக்கு இரண்டு வழி இருக்கிறது. பல்கலைக்கழகத்தில் இடம் கிடைத்திருக்கிறது, மாணவன் விசாவில் போகலாம். இல்லாவிட்டால் இன்ஜினியர் என்ற தகுதியில், நிரந்தரமாகக் குடியேறுகிறவனுக்கான விசாவில் போகலாம், இறங்கியதும் கிரீன் கார்டு. நீ இரண்டாவதற்கு எழுதிப் போட்டிருக்கிறாய். மெட்ராஸில் அமெரிக்கத் தூதரகத்தில் கூடிய சீக்கிரம் கூப்பிடுவார்கள் என்று போன கடிதத்தில் துள்ளிக் குதித்து எழுதியிருந்தாய். தம்பி, அந்தக் கார்டு வாங்குகிற இளைஞனை அமெரிக்க ராணுவம் கட்டாயச் சேவைக்குக் கூப்பிடலாம். குடிமகனாக ஆகும் முன்பே கூப்பிடலாம். மாணவன் விசாவில் போகிறவனை அப்படிக் கூப்பிட முடியாது. கூப்பிட்டால் இன்றைக்கு எங்கே அனுப்புவார்கள் என்பது காரைக்காலில் இருக்கிற எந்த வீட்டுக்கும் தெரியும். வியட்நாமுக்குத்தான். பாதி வீடுகளில் பிரெஞ்சுக் காலத்தில் சைகோனில் எடுத்த போட்டோ மாட்டியிருக்கிறது. உன் வயது அதற்குப் பொருந்துகிற வயது.

இதை யாரும் எனக்குச் சொல்லவில்லை. புத்தகத்தில் படித்தேன். நீ சிரிப்பாய். அம்மாவுக்கு எதுவும் புத்தகத்தில் இருந்தால்தான் நம்பிக்கை, மழை பெய்கிறதா என்பதைக்கூட அகராதியில் பார்ப்பாள் என்று சின்ன வயதிலிருந்து நீ கேலி செய்தவன். நான் பிரெஞ்சு டீச்சர். பிரெஞ்சுக்காரர்கள் போன பிறகு வேலையைக் காப்பாற்றிக்கொள்ள இங்கிலீஷ் கற்றவள், அதனால் இன்றைக்கும் ஒவ்வொரு வரியையும் தட்டுத் தடுமாறித்தான் படிக்கிறேன். நீ அமெரிக்கா என்று பேச்செடுத்த அன்றே, மெட்ராஸில் அமெரிக்கர்கள் நடத்துகிற நூலகத்துக்கு எழுதினேன். அவர்கள் வெளியூர்க்காரர்களுக்குத் தபாலில் புத்தகம் அனுப்புகிறார்கள். தபால்காரர் ஒவ்வொரு முறையும் பொட்டலத்தைத் தூக்கிப் பார்த்து, "டீச்சரம்மா, வீடு கட்டுறீங்களா, செங்கல்லா வருது?" என்று கேட்டுவிட்டுத்தான் கொடுப்பார். முதலில் வந்தது படப் புத்தகம். பாலங்கள், சோளக் கொல்லைகள், பெரிய பெரிய கார்கள். நீ அந்தக் கார்களுக்குப் பக்கத்தில் நிற்பதாக நினைத்துப் பார்த்து எனக்கும் சந்தோஷமாகத்தான் இருந்தது. அதோடு நிறுத்தியிருக்கலாம்.

நிறுத்தவில்லை. அதனால் உனக்கும் சொல்கிறேன், நீயும் படி. எந்த ஊருக்குப் போனாலும் அந்த ஊரைப் பற்றி அந்த ஊர்க்காரன் எழுதியதைப் படித்துவிட்டுப் போ. முதலில், அந்த நாடு எப்படிச் சேர்த்துக் கட்டப்பட்டது என்று சொல்கிற புத்தகங்கள். நாமெல்லாம் பிரெஞ்சு நிர்வாகத்தில் வளர்ந்தவர்கள். பாரிஸில் ஓர் அதிகாரி முடிவெடுத்தால் அது வரிக்கு வரி காரைக்கால் அலுவலகத்தில் நடக்கும், நாம் அதைத்தான் அரசாங்கம் என்று நினைக்கிறோம். அங்கே அப்படி இல்லை. ஒவ்வொரு மாநிலத்துக்கும் தனிச் சட்டம், தனி நீதிமன்றம். அதற்குள் ஒவ்வொரு வட்டாரத்துக்கும் ஒரு போலீஸ் தலைவர், அவரும் ஓட்டு வாங்கி வருகிறவர். பள்ளிக்கூடத்தை அந்தந்த ஊரே நடத்துகிறது. காரில் கொஞ்ச தூரம் போனால் இங்கே சரியாக இருந்தது அங்கே குற்றமாகிவிடலாம். உனக்குக் கேட்டுத் தெரிந்துகொள்கிற பழக்கமே கிடையாது. மாயவரத்தில் ரயில் மாறும்போதுகூடக் கேட்காமல் ஏறித் தஞ்சாவூர் வரை போய் வந்தவன் நீ. அங்கே அப்படி ஏறிவிடாதே.

பிறகு அவர்களுடைய நீதிமன்றங்களைப் பற்றிப் படி. தெருவில் போகிற சாதாரண ஆட்களைக் கூப்பிட்டு உட்கார வைத்து, இந்த ஆள் குற்றம் செய்தானா என்று சொல்லச் சொல்கிறார்கள். படித்தபோது எனக்கு மரியாதையாகவும் இருந்தது, பயமாகவும் இருந்தது. கடைக்காரரும் தச்சரும் சேர்ந்து ஒருவனைக் காப்பாற்றியிருக்கிறார்கள். அதே கடைக்காரரும் தச்சரும் சேர்ந்து, நிறத்தைப் பார்த்தே ஒருவனைத் தூக்குக்கு அனுப்பியும் இருக்கிறார்கள். இரண்டையும் அவர்களே எழுதி வைத்திருக்கிறார்கள். உன் நிறம் என்ன என்று உனக்கு இதுவரை யோசிக்க வேண்டி வந்ததில்லை. இங்கே நீ வாத்தியாரம்மா மகன், பட்டாளத்துக்காரர் மகன். அங்கே இறங்கியதும் முதலில் நீ அதுவாகத்தான் தெரிவாய்.

அடிமைகளாக இருந்தவர்கள் தங்கள் வாயால் சொல்லி எழுதப்பட்ட சாட்சியங்கள் இருக்கின்றன. அவற்றைக் கட்டாயம் படி. ஏலத்தில் ஒரு பிள்ளையை ஒரு பக்கமும் தாயை ஒரு பக்கமும் விற்ற இடம் வந்ததும் நான் புத்தகத்தை மூடிவிட்டுக் கொல்லைப்புறம் போய் நின்றேன். அந்த மண்ணுக்கு முதலில் சொந்தக்காரர்களாக இருந்த பழங்குடிகளோடு அரசாங்கம் போட்ட ஒப்பந்தங்களைப் பற்றியும் படி. கையெழுத்து, முத்திரை, சாட்சி எல்லாம் உண்டு. தங்கம் கிடைத்தது, ரயில் பாதை வந்தது, ஒப்பந்தம் செல்லாமல் போனது. அப்புறம் வந்து குடியேறியவர்களின் கதை. ரயில் பாதை போடச் சீனர்களைக் கூப்பிட்டார்கள், போட்டு முடிந்ததும் இனி சீனர்கள் வரக்கூடாது என்று சட்டம் போட்டார்கள். போன உலக யுத்தத்தில், அங்கேயே பிறந்த ஜப்பானியக் குடும்பங்களைக் கம்பி வேலிக்குள் வைத்தார்கள். நம் நாட்டிலிருந்து போய்க் குடியுரிமை வாங்கி நிம்மதியாக இருந்த சிலரிடம், நீங்கள் வெள்ளையர் இல்லை என்று நீதிமன்றம் சொன்ன பிறகு, கொடுத்ததைத் திரும்ப வாங்கிக்கொண்டார்கள். இப்போது அந்தச் சட்டமெல்லாம் மாறிவிட்டது. மாறியதால்தான் உன்னைக் கூப்பிடுகிறார்கள். ஆனால் காகிதத்தில் நிரந்தரம் என்று எழுதியிருந்தால் அது எவ்வளவு நாளைக்கு நிரந்தரம் என்று எனக்கு அன்றிலிருந்து சந்தேகம்.

இதை நம் தெருவில் சொன்னால் அடிக்க வருவார்கள். உனக்கு கிரெஃபியே மாமாவைத் தெரியுமே, பிரெஞ்சுக் காலத்தில் கோர்ட்டில் பதிவாளராக இருந்தவர், இன்னும் அந்தப் பதவிப் பெயரால்தான் ஊர் அவரைக் கூப்பிடுகிறது. பிரெஞ்சுக் குடியுரிமை வேண்டுமா இந்தியக் குடியுரிமை வேண்டுமா என்று எழுதிக் கொடுக்கச் சொன்ன சமயத்தில், ஊரே அவர் வீட்டு வாசலில்தான் நின்றது. "எது நிரந்தரமோ அதை எடுத்துக்க, யோசிக்காத" என்று எல்லோருக்கும் சொன்னார். அவர் பேச்சைக் கேட்டவர்கள் இன்று ஓய்வூதியம் வாங்குகிறார்கள், பிள்ளைகளைப் பாரிஸுக்கு அனுப்புகிறார்கள். உன் அப்பாவும் கேட்டார், அதனால்தான் நீயும் பிரெஞ்சுக் குடிமகன். கேட்காதவர்கள் அவரைப் பார்த்தால் தலையைக் குனிந்துகொண்டு போகிறார்கள். அதனால் காரைக்காலில் நிரந்தரம் என்ற வார்த்தைக்கு எதிராக யாரும் வாய் திறக்க முடியாது. உன் விஷயத்தைச் சொன்னபோதும் அவர் கண்ணை மூடிக்கொண்டு அதையேதான் சொன்னார். "மாணவன் விசாங்கிறது வாடகை வீடு மாதிரி டீச்சர். கிரீன் கார்டுன்னா சொந்த வீடு. நிரந்தரத்தக் குடுக்கிறேங்கிறான், வேணாம்னு சொல்ற புள்ளைய நான் பாத்ததில்ல." நீயும் அவரிடம் கேட்டுவிட்டுத்தான் எழுதிப் போட்டாய் என்பது எனக்குத் தெரியும். அவர் மேல் எனக்குக் கோபம் இல்லை. பிரான்ஸ் விஷயத்தில் அவர் சொன்னது சரிதான். ஆனால் அவர் ஒரே ஒரு நாட்டின் காகிதத்தைப் பார்த்துவிட்டு எல்லா நாட்டுக் காகிதத்துக்கும் ஆசி சொல்கிறார்.

என்னைப் பயமுறுத்திய அந்தப் புத்தகம் அமெரிக்கக் கட்டாய ராணுவச் சேவை எப்படி நடக்கிறது என்பதைப் பற்றியது. தேடி வாங்கவில்லை, அவர்களுடைய அரசு அமைப்புகளைப் பற்றி ஏதாவது அனுப்புங்கள் என்று எழுதியதற்கு அதையும் சேர்த்து அனுப்பியிருந்தார்கள். ஊருக்கு ஊர் ஒரு சபை இருக்கிறதாம். அதில் உட்காருகிறவர்கள் ராணுவத்தார் இல்லை, அந்த ஊர்க் கடைக்காரர், ஓய்வுபெற்ற வாத்தியார், இன்சூரன்ஸ் ஏஜெண்ட். சம்பளம் கிடையாது. யார் வீட்டுப் பிள்ளை போக வேண்டும், யாருக்குத் தள்ளிவைக்கலாம் என்று இவர்கள்தான் முடிவு செய்கிறார்கள். தெரிந்தவர் பிள்ளைக்கு ஏதாவது வழி கிடைக்கிறது, ஏழைப் பிள்ளையும் கறுப்புப் பிள்ளையும் போகிறார்கள். இதையும் அவர்களே எழுதியிருக்கிறார்கள். நேற்று வந்து இறங்கிய உனக்காக அங்கே எந்த இன்சூரன்ஸ் ஏஜெண்ட் பரிந்து பேசுவான்? இப்போது இன்னொரு முறையும் வந்திருக்கிறது. பிறந்த தேதிகளை எழுதிச் சின்னக் குப்பிகளில் அடைத்து, ஒரு பாத்திரத்தில் போட்டுக் குலுக்கி எடுக்கிறார்கள். முதலில் வருகிற தேதிக்காரன் முதலில் போக வேண்டும். உன் ஜாதகத்தை எடுத்துக்கொண்டு உன் அத்தை திருநள்ளாறு போய் வந்தாள். ஏழரைச் சனி நடக்கிறதாம், நீ வந்து நள தீர்த்தத்தில் முழுகினால் சரியாகிவிடுமாம். சனீஸ்வரனுக்கு எள் விளக்கு ஏற்றிக் கெஞ்சியாவது பார்க்கலாம். உன் பிறந்த தேதியைக் குலுக்குகிற அந்தப் பாத்திரத்திடம் போய் நான் எப்படிக் கெஞ்சுவது?

வரிகளை நான் தப்பாகப் புரிந்துகொண்டேனோ என்று நினைத்தேன். என் இங்கிலீஷை நான் நம்ப மாட்டேன். குடிமக்களும், நிரந்தரமாகக் குடியேற அனுமதிக்கப்பட்ட அந்நியர்களும் என்று இருந்தது. அகராதியில் பார்த்தேன், பிரெஞ்சில் எழுதிப் பார்த்தேன், தமிழில் எழுதிப் பார்த்தேன். மூன்று மொழியிலும் நீதான் இருந்தாய்.

அப்புறம் சைகோன் துணிக்கடை பாய் வந்தார். அங்கே கடையை மூடிவிட்டு, வீட்டுச் சாமான்களோடு போன மாதம்தான் ஊர் வந்து சேர்ந்திருக்கிறார். தன் பேத்திக்குப் பிரெஞ்சு சொல்லிக்கொடுக்க முடியுமா என்று கேட்க வந்தவரை உட்கார வைத்துக் காபி கொடுத்துக் கேட்டேன். பாய், அமெரிக்கப் பட்டாளத்தில் அமெரிக்கர் இல்லாதவர்கள் உண்டா? அவர் டம்ளரைக் கீழே வைத்தார். "ஏம்மா இல்லாம? நம்ம கடைக்கு வருவானுவொ. அம்மாவுக்குப் பட்டு வேணும், தங்கச்சிக்குப் பட்டு வேணும்னு வாங்குவானுவொ. ஒருத்தன் நம்ம நிறமாவே இருந்தான். எந்த ஊருப்பான்னு கேட்டேன், மெக்சிகோன்னான். அமெரிக்காவுல குடியுரிமை இன்னும் வரல, அதுக்குள்ள இங்க அனுப்பிட்டாங்கன்னு சொன்னான். பட்டு எடுத்து வைங்க, சம்பளத்தன்னிக்கு வந்து வாங்கிக்கிறேன்னான். எடுத்து வச்சேன்." வந்து வாங்கினானா என்று நான் கேட்கவில்லை. போகும்போது, "தம்பிக்காவ நான் துஆ செய்யறேம்மா. ஆனா நீங்களும் எளுதிப் போடுங்க" என்று சொல்லிவிட்டுப் போனார்.

உன் அப்பாவிடம் இதைச் சொன்னேன். அப்பா சந்தோஷப்பட்டார். நான் எதிர்பார்க்கவே இல்லை. உன்னைப் பிரான்ஸ் ராணுவச் சேவைக்கு அழைத்தபோது, அவர் காலில் பட்ட காயத்தைக் காட்டி, ஒரே பிள்ளை, குடும்பத்தைத் தாங்க வேண்டியவன் என்று எழுதிக் கொடுத்து நான்தான் விலக்கு வாங்கினேன். அதை அவர் மறக்கவில்லை. "ஒரு தடவ என் காலைக் காட்டி அவன ஒளிச்சு வச்ச. என் காலு அமெரிக்காவுல செல்லாதுடி" என்றார். கையை விரித்து விரித்துச் சொன்னார்: "ரெண்டு வருசம். அதுக்கப்புறம் கையில குடியுரிமையக் குடுத்துடுவான், படிக்கப் பணம் குடுப்பான், வைத்தியம் பாப்பான். நான் பட்டாளத்துக்குப் போனதுனாலதான இந்த வீடு? நான் திரும்பி வரலியா?"

"நீங்க வந்தீங்க. போன ஆளு வரலைங்க."

"என்ன பேச்சு இது. நாந்தான உக்காந்திருக்கேன்?"

"வரப்புல நடந்து போன ஆளு வரல. அதத்தான் சொல்றேன்."

உனக்கு இது புரியாது, நீ பிறந்ததிலிருந்து அவர் அப்படித்தான். திருநள்ளாற்றுக்கு மேற்கே பெரியப்பாவின் வயலுக்குப் போனால், அவர் மட்டும் ரோட்டிலேயே நின்றுகொள்வார், அப்பாவுக்குச் சேறு பிடிக்காது என்று நீ நினைத்துக்கொண்டிருந்தாய். சேற்றில் பிறந்து சேற்றில் வளர்ந்தவர் அவர். கல்யாணமான புதிதில் அந்த வரப்புகளில் சைக்கிளே ஓட்டுவார், பின்னால் நான் உட்கார்ந்து கத்திக்கொண்டே போவேன். இந்தோசீனாவிலிருந்து, இப்போது வியட்நாம் என்கிறார்களே அங்கிருந்து, வந்த பிறகு ஒரு வரப்பிலும் கால் வைத்ததில்லை. ஒரே ஒரு முறை சொன்னார். "நம்ம ஊரு மாதிரியே இருக்கும்டி. வாய்க்கா, எரும, நாத்து நடுற பொம்பளைங்க. குனிஞ்சு நடுவாங்க, நம்மள நிமிந்துகூடப் பாக்க மாட்டாங்க. வரப்புல கண்ணிவெடி வச்சிருப்பானுவ. முன்னாடி போனவன் காலு தெறிக்கும். அப்புறம் நாங்க அந்தப் பொம்பளைங்களப் பாப்போம்." பார்த்துவிட்டு என்ன செய்தீர்கள் என்று கேட்கிற தைரியம் எனக்கு இன்றுவரை வரவில்லை. நானும் அந்த ஓய்வூதியத்தில்தான் சாப்பிடுகிறேன், நீயும் அதில்தான் படித்தாய். அதே வயலுக்கு, வேறு கொடியின் கீழ், நீ போவதை என்னால் நினைத்துப் பார்க்க முடியவில்லை.

இது வரை எழுதிவிட்டு, மாணவன் விசா போதும், போய் மாற்றி எழுதிக் கொடு என்று முடிக்கலாம் என்று இருந்தேன். அப்போதுதான் உன் தந்தி வந்தது. விசா கிடைத்தது, நிரந்தரம், அடுத்த மாதம் பயணம், ஆசீர்வதிக்கவும். அப்பா சட்டையை மாட்டிக்கொண்டு போய் லட்டு வாங்கி வந்தார். கிரெஃபியே மாமா வந்து உன்னை வாழ்த்திவிட்டு இரண்டு லட்டு சாப்பிட்டார். அத்தை அழுதாள், அவளுடையது சந்தோஷ அழுகை. எனக்கும் ஒன்று கையில் கொடுத்தார்கள். வாயில் போட்டு மென்றேன், விழுங்க முடியாமல் அடுக்களைக்குப் போய்த் துப்பினேன்.

எழுதியதைக் கிழித்துவிடவில்லை. தொடர்ந்து எழுதுகிறேன், நீ தொடர்ந்து படி. விசா கையில் இருப்பதாலேயே நீ அதில் போயாக வேண்டும் என்று சட்டம் இல்லை. அங்கே போய் இறங்கினால்தான் அது கிரீன் கார்டாக மாறும். இறங்காதவரை நீ அவர்களுக்கு அந்நியன்தான். நாளைக்கே திரும்பப் போய், படிக்க மட்டும் போகிறேன், மாணவன் விசா கொடுங்கள் என்று கேட்கலாம். பைத்தியம் என்பார்கள். உன் நண்பர்கள் சிரிப்பார்கள். கேள் தம்பி. உன்னிடம் இதுவரை நான் எதுவும் கெஞ்சிக் கேட்டதில்லை. பரீட்சைக்குப் படி என்றுகூட அதட்டித்தான் சொல்லியிருக்கிறேன். இப்போது கெஞ்சுகிறேன்.

கேட்க மாட்டாய் என்பதும் எனக்குத் தெரியும். எனக்கு ஒன்றும் ஆகாது என்று நினைக்கிற வயது. உன் அப்பாவும் அந்த வயதில்தான் கப்பல் ஏறினார். அப்படிப் போவதாக இருந்தால், பெட்டியில் ஊறுகாயை எடுத்துவிட்டு ஒரு புத்தகத்துக்கு இடம் பண்ணு. மனசாட்சிப்படி என்னால் கொல்ல முடியாது என்று சொல்லி அந்த ஊர்ச் சபைகளின் முன் நின்றவர்களைப் பற்றி அங்கே நிறைய எழுதியிருக்கிறார்கள். என்ன கேள்வி கேட்பார்கள், எப்படிப் பதில் சொல்ல வேண்டும், எந்த வக்கீல்கள் காசு வாங்காமல் உதவுகிறார்கள் என்பதெல்லாம் அச்சில் இருக்கிறது. போய் இறங்கிய வாரமே அந்த ஊர்ப் பொது நூலகத்தைக் கண்டுபிடி, கோயிலைக் கண்டுபிடிப்பது அப்புறம். அந்த நாட்டைப் பற்றி எனக்குப் பயம் வந்தது அவர்கள் புத்தகத்தால்தான். கொஞ்சமாவது தைரியம் இருப்பதும் அதனால்தான். தன் வீட்டு அழுக்குத் துணியைத் தானே கூடத்தில் பரப்பி, அதை இன்னொரு நாட்டுக்காரிக்குத் தபாலில் வேறு அனுப்பி வைக்கிற ஊரில், நியாயம் பேசுகிற நாலு பேராவது இருப்பார்கள். அவர்களைத் தேடிப் பிடித்துக்கொள்.

அப்படியும் உன் தேதி வந்து, சபை உன்னைப் போ என்று சொல்லிவிட்டால், ஓடி வந்துவிடு. இதை நான் யோசிக்காமல் எழுதவில்லை. அங்கே மறுபடி கால் வைக்க முடியாது, நிரந்தரமும் போய்விடும், படிப்பும் பாதியில் நிற்கும், எல்லாம் தெரியும். பட்டாளத்துக்காரர் வீட்டில் அதற்கு என்ன பெயர் என்றும் தெரியும். தெசெர்த்தேர், பட்டாளத்தை விட்டு ஓடினவன். உன் அப்பா சத்தம் போட்டுச் சொல்லி நான் கேட்ட வார்த்தைகளில் அதைவிடக் கேவலமானது கிடையாது. ஊர் உன்னை அப்படிக் கூப்பிடட்டும், கிரெஃபியே மாமா நம் வீட்டு வாசலை மிதிக்காமல் போகட்டும். கோழை என்று பெயர் வாங்கிக்கொண்டு வா, எனக்குப் போதும். நீ வரப்பில் நடக்கிறவனாக வர வேண்டும்.

இந்தக் கடைசிப் பகுதியை மட்டும் உன் அப்பாவுக்குத் தெரியாமல் அனுப்ப எனக்கு மனம் வரவில்லை. கூப்பிட்டு உட்கார வைத்துப் படித்துக் காட்டினேன். தெசெர்த்தேர் என்ற வார்த்தையையும் விடாமல் படித்தேன். அவர் என்னைப் பார்க்கவில்லை. காலைத் தடவிக்கொண்டு சுவரையே பார்த்துக்கொண்டிருந்தார். எழுந்து போய்விடுவார், இல்லாவிட்டால் தாளைப் பிடுங்கிக் கிழிப்பார் என்று கையால் பொத்திக்கொண்டேன்.

"பம்பாய் வழியா வரவேணாம்னு எழுது" என்றார். "பாரிஸ் வழியா வரச் சொல்லு. அவன் பிரெஞ்சுக்காரன், அங்க இறங்கிட்டா அமெரிக்காக்காரன் கூப்பிட முடியாது. பாஸ்போர்ட்ட மட்டும் காலாவதி ஆவ விட்டுடாதடான்னு எழுது. பெருசா எழுது, கண்ணுல படணும்."